பறங்கி, லந்தர், சாயிப்பு: ஒரு சொல்லைத் தேடிக் குமரியில் ஆறு நாள்

நாள் 1: கோட்டாறு

ஐரோப்பியரைக் குறித்த 'பறங்கி' என்ற சொல் நம் கரைக்கு எப்படி வந்தது, வந்தபின் எதிலெல்லாம் போய் ஒட்டிக்கொண்டது என்று பார்ப்பதற்கே இந்த ஆறு நாள். பரங்கிமலையும் பறங்கிப்பேட்டையும் இருக்க, குமரி மாவட்டம் எதற்கு என்று கேட்கலாம். போர்ச்சுகீசியர், டச்சுக்காரர், ஜெர்மானியப் பாதிரியார், ஆங்கிலேயர் எல்லாரும் வந்துபோன கரை இது. தமிழும் மலையாளமும் ஒரே சந்தையில் புழங்குவதால், ஒரு பொருளுக்கு ஒட்டிய பெயரும் உதிர்ந்த பெயரும் பக்கத்துப் பக்கத்துக் கடைகளில் கிடைக்கும்.

தொடங்க வேண்டிய இடம் கோட்டாறு. நாகர்கோவில் சந்திப்பு ரயில் நிலையம் இருப்பதே கோட்டாற்றில்தான் என்பதால் இறங்கியதும் நேரே புனித சவேரியார் பேராலயத்துக்குப் போய்விடலாம். டிசம்பர் 3-ஐ ஒட்டிய திருவிழா நாட்களைத் தவிர்ப்பது நல்லது. மாவட்டமே திரண்டு வரும், நின்று படிக்க இடம் இருக்காது.

1542-இல் கோவாவில் இறங்கிய பிரான்சிஸ் சவேரியார், 1544-இன் இறுதியில் திருவிதாங்கூர்க் கரை நெடுக நடந்தார். ஒரே மாதத்தில் பத்தாயிரம் பேருக்கு மேல் ஞானஸ்நானம் கொடுத்ததாக அவரே கடிதத்தில் எழுதினார். நமக்கு இங்கே வேண்டியது அவருடைய பெயர். 'பிரான்சிஸ்' என்றால் பிராங்க் நாட்டான், பிரெஞ்சுக்காரன் என்று பொருள். அசிசி நகரத்துப் புனிதருக்கு அவருடைய தகப்பனார் வைத்த செல்லப்பெயர் அது. அவர் புகழால் உலகமெங்கும் பரவியது. 'பறங்கி'க்கும் வேர் அதே பிராங்க்தான். குமரிக் கடற்கரையில் வீட்டுக்கு வீடு கேட்கும் 'பிரான்சிஸ்', ஒரு காலத்தில் ஏச்சாக இருந்த 'பறங்கி' இரண்டும் ஒரு வயிற்றுப் பிள்ளைகள். ஒன்று ஞானஸ்நானத் தொட்டி வழியாக வந்தது, மற்றது சரக்குக் கப்பல் வழியாக.

கப்பல் வந்த வழியைப் பார்ப்போம். பிராங்குகள் பழைய ஜெர்மானிய மக்கள்; இன்றைய பிரான்சுக்குப் பெயர் கொடுத்தவர்கள். 11-ஆம் நூற்றாண்டின் இறுதியில் சிலுவைப் போர் தொடங்கியபோது ஜெருசலேம் நோக்கி வந்த மேற்கு ஐரோப்பியர் எல்லாரையும், எந்த நாட்டவரானாலும், அரபியர் 'இஃப்ரஞ்ச்' என்றே அழைத்தார்கள். பாரசீகத்தில் அது 'ஃபரங்', அந்நாட்டான் 'ஃபரங்கி'. தமிழில் ஃபகரம் பகரமாகும். பின்னால் வரும் 'ரங்கி' அப்படியே நிற்கும். அரபியின் 'ஞ்ச்' இல்லாமல் 'ங்கி' இருப்பதால், நம் சொல்லுக்கு நெருக்கம் பாரசீக வடிவத்தோடுதான்.

இதில் கவனிக்க வேண்டியது காலக்கணக்கு. வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டுக்கு வந்தது 1498-இல். மேற்குக் கரைத் துறைமுகங்களில் அரபு, பாரசீக வணிகர்கள் அதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே இருந்தார்கள். 'ஃபரங்கி' என்ற பெயரும் சண்டை நினைவுகளும் அவர்களோடு இருந்தன. ஆள் வந்து இறங்கும்போது அவனுக்கான பெயர் கரையில் தயாராகக் காத்திருந்தது. ஐரோப்பியரின் கெட்ட பெயரை நாம் நேரில் பார்த்துக் கற்றது பாதி; மீதி, அரபியர் பட்டுத் தெரிந்துகொண்டு நமக்குச் சொன்னது.

அகராதி புரட்டுகிறவர்களுக்கு ஒரு குறிப்பு. 'பரங்கி', 'பறங்கி' இரண்டு எழுத்திலும் தேடுங்கள். மலையாளம் வல்லின றகரத்தில் எழுதுகிறது, தமிழில் இரண்டும் உண்டு. திருப்பரங்குன்றத்தை இந்தக் கூட்டத்தில் சேர்க்கவே கூடாது. அது பரன் + குன்றம். பறங்கிக்குப் பல நூற்றாண்டு மூத்த பெயர். ஒலி ஒத்துப்போனால் மட்டும் போதாது. சொல் வந்த வழியும் காலமும் சேர்ந்து பொருந்த வேண்டும்.

நாள் 2: திருவிதாங்கோடு, உதயகிரி

நாகர்கோவிலிலிருந்து தக்கலைப் பேருந்து. முதலில் தக்கலையை அடுத்த திருவிதாங்கோடு. திருவிதாங்கூர் என்ற நாட்டின் பெயருக்கே மூலமான ஊர். இங்குள்ள அரப்பள்ளி என்ற பழைய தேவாலயத்தைத் தோமையார் காலத்தோடு சேர்த்துச் சொல்வது சிரியன் கிறிஸ்தவர்களின் மரபு. கல் கட்டடம், தாழ்ந்த நிலை, உள்ளே போக வெளிச்சம் குறைவு, கைவிளக்கு வேண்டும்.

இங்கே வருவது 'சிலுவை' என்ற சொல்லுக்காக. அது சிரியாக் மொழியின் 'ஸ்லீவா'. ஐரோப்பியப் பாதிரியார்கள் கால் வைப்பதற்கு முன்பே இக்கரையில் புழங்கிய சொல். பிறகு போர்ச்சுகீசியர் 'குரூஸ்' கொண்டுவந்தார்கள், அது 'குருசு' ஆயிற்று. புதுச்சொல் பழையதைத் தள்ளிவிடவில்லை. செபத்திலும் வேதப் புத்தகத்திலும் 'சிலுவை' நின்றது. தெருமுனையிலும் கடற்கரை மேட்டிலும் நடப்பட்ட கல்லுக்கு 'குருசு' நின்றது. குமரியில் எந்த மீனவ ஊருக்குப் போனாலும் 'குருசடி' இருக்கும். 'சிலுவையடி' என்று ஒருவரும் சொல்வதில்லை. இரண்டு காலத்து அந்நியர் ஒரே மரத்துண்டுக்கு இரண்டு பெயர் கொடுத்தார்கள், ஊர் இரண்டுக்கும் வேலை பிரித்துக் கொடுத்தது.

திரும்பி வந்து புலியூர்குறிச்சியில் இறங்கினால் உதயகிரிக் கோட்டை. உள்ளூர்க்காரர் 'டிலனாய் கோட்டை' என்பார்கள். வனத்துறை பராமரிப்பில் உயிரினப் பூங்காவாக இருக்கிறது, நுழைவுச் சீட்டு வாங்க வேண்டும். காலையிலேயே போய்விடுங்கள். காரணம் கூட்டமில்லை, வெயிலின் கோணம்.

கோட்டைக்குள் கூரையில்லாத ஒரு சிற்றாலயம், அதற்குள் டிலனாயின் கல்லறை. பக்கத்திலேயே மனைவியும் மகனும். 1741-இல் குளச்சலில் மார்த்தாண்ட வர்மாவின் படையிடம் பிடிபட்ட டச்சுக் கம்பெனி ஆள். பிறகு அதே மன்னரின் படைக்குப் பயிற்சி கொடுத்துத் தலைமை ஏற்றவர். கல்லில் லத்தீனிலும் தமிழிலும் எழுத்து. லத்தீன் வாசகம், வழிப்போக்கனை நிற்கச் சொல்லித் தொடங்கி, ஏறத்தாழ 37 ஆண்டு ஊழியத்தையும், காயங்குளத்திலிருந்து கொச்சி வரை அவர் அடக்கிய நாடுகளையும் சொல்லி, 62 ஆண்டும் 5 மாதமும் வாழ்ந்து 1777 ஜூன் 1-இல் இறந்தார் என்று முடிகிறது.

தேய்ந்த கல்லைப் படிக்கும் முறை: உச்சி வெயிலில் எழுத்து தெரியாது. வெளிச்சம் பக்கவாட்டில் சாய்ந்து விழ வேண்டும். காலை எட்டு மணி அல்லது மாலை நாலரைக்கு மேல். அப்படியும், வெளிச்சம் ஓடும் திசைக்கு இணையாக உள்ள கோடுகள் மறைந்துவிடும்; அதனால் இடப்பக்க வெளிச்சத்தில் ஒரு படம், கைவிளக்கை வலப்பக்கம் சாய்த்து ஒரு படம், ஆக இரண்டு எடுத்து ஒன்றோடொன்று வைத்துப் பாருங்கள். சுண்ணாம்புக் கட்டியோ மாவோ எண்ணெயோ தேய்க்காதீர்கள். அவை கல்லின் துளைகளுக்குள் போய்த் தங்கி, அடுத்த மழையில் பூஞ்சைக்கு இரையாகும். நிறையப் பேர் இந்தத் தவற்றைச் செய்து நல்ல கல்லையெல்லாம் கெடுத்திருக்கிறார்கள். பார்க்கவே மனம் பொறுக்காது.

18-ஆம் நூற்றாண்டுத் தமிழ் எழுத்தைப் படிக்க வேறு சிக்கலும் உண்டு. மெய்யெழுத்தில் புள்ளி இருக்காது. ரகரமும் துணைக்காலும் ஒரே கோடாக நிற்கும். எகர ஏகார வேறுபாடு பெரும்பாலும் இராது. அதைப் பிரித்துக் காட்டும் வழக்கத்தைக் கொண்டுவந்தவர் வீரமாமுனிவர், அவரும் இத்தாலியிலிருந்து வந்தவர். 'பரங்கி' போன்ற ஒரு சொல் அக்காலக் கல்லிலோ ஓலையிலோ வந்தால், றகரமாக இருந்தால் ஐயமில்லை. ரகரமாக இருந்தால் 'பாங்கி' என்று தவறாகப் படிக்க இடமுண்டு. முன்பின் சொற்களைப் பார்க்காமல் முடிவுக்கு வரக் கூடாது.

மக்கள் டிலனாய்க்குக் கொடுத்த பட்டம் 'வலிய கப்பித்தான்'. 'கப்பித்தான்' போர்ச்சுகீசியரின் 'கப்பித்தாவ்'. ஆள் டச்சுக் கம்பெனிக்காரர், பட்டம் போர்ச்சுகீசியச் சொல், அடைமொழி மலையாளம். இன்னொன்றும் சேருகிறது. அவர் பிறந்தது அராஸ் நகரில், இன்றைய வடக்குப் பிரான்சில், பழைய பிராங்குகளின் மண்ணில். சொல்லின் மூலப்பொருள்படி பார்த்தால் குமரியில் வாழ்ந்து இறந்த அசல் பறங்கி அவர். அவரைத்தான் அந்தப் பெயர் தொடவில்லை. அதிகாரம் கைக்கு வந்தவனுக்கு நாட்டுப்பெயர் போய்ப் பதவிப்பெயர் ஒட்டிவிடும்.

இந்தக் கோட்டைக்குள் பீரங்கி வார்க்கும் உலை இருந்தது. 'பீரங்கி'யும் நம் சொல்லின் உறவுதான். தெலுங்கில் 'ஃபிரங்கி' இன்றும் பீரங்கியைக் குறிக்கும். சீனத்திலும் இதே கதை. 1520-களில் போர்ச்சுகீசியரிடம் பார்த்த சிறு பீரங்கியை மிங் காலத்துச் சீனர்கள் 'ஃபோலாங்ஜி' என்றே அழைத்தார்கள், அதுவும் ஃபரங்கியின் சீன உச்சரிப்புத்தான். அந்த வகை பின்பக்கம் மருந்து ஏற்றுவது. வெடிமருந்தும் குண்டும் அடைத்த தனிக் குழல்கள் நாலைந்து தயாராக இருக்கும். சுட்டதும் ஒன்றைக் கழற்றி அடுத்ததைச் செருகலாம், வேகம் கூடும். குறை எங்கே என்றால், குழலும் உடலும் சேரும் மூட்டில். அங்கே புகை கசிந்து வெளியேறும், அழுத்தம் குறையும், குண்டு தூரம் போகாது. பெரிய கோட்டைப் பீரங்கிகள் ஒரே வார்ப்பாக, வாய்ப்பக்கம் ஏற்றுவதாகவே இருந்ததற்கு இது முக்கியமான காரணம்.

நாள் 3: குளச்சல்

1741 போரின் வெற்றித் தூண் கடற்கரைப் பக்கம். பார்க்கப் பத்து நிமிடம் போதும். மீன் ஏலம் நடக்கும் நேரத்தில் போனால் சொல்வேட்டைக்கு அதுவே பெரிய இடம், ஏனென்றால் 'ஏலம்' என்பதே போர்ச்சுகீசியரின் 'லெய்லாவ்'. சாவி, ஜன்னல், மேசை, அலமாரி, பீப்பாய், துவாலை, மேஸ்திரி, பாதிரி இவையும் அவர்கள் விட்டுப்போனவை. இவற்றில் ஒன்றுக்கும் முன்னால் 'பறங்கி' என்று சேர்ப்பதில்லை. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், நாளைச் சந்தையில் வேண்டியிருக்கும்.

டச்சுக்காரருக்கு மலையாளத்தில் 'லந்தக்கார்', தமிழில் 'உலாந்தாக்காரர்', 'ஒல்லாந்தர்'. ஹாலந்து போர்ச்சுகீசியர் வாயில் 'ஒலாந்தா' ஆகி, அங்கிருந்து நம் வாய்க்கு வந்தது. இலந்தைப் பழத்துக்கும் இதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. இலந்தை பழந்தமிழ்ச் சொல். பிரெஞ்சுக்காரருக்கும் தனிப்பெயர் வந்தது. வேர் பார்த்தால் 'பிரெஞ்சு'ம் 'பறங்கி'யும் ஒன்று, ஆனால் இரண்டும் இரண்டு வாசல் வழியாக வந்ததால் நம் ஊரில் அவை அறிமுகமில்லாத இரண்டு பேர்.

இப்படி ஒவ்வொரு கூட்டத்துக்கும் தனிப்பெயர் வந்தபின், பறங்கி யாருக்கு மிஞ்சியது? முதலில் போர்ச்சுகீசியருக்கு. அடுத்து அவர்கள் வழிவந்த கலப்புக் குடும்பங்களுக்கு. பிறகு, அவர்கள் மதத்தில் சேர்ந்த நம்மவர்களுக்கும். 1606-இல் மதுரைக்கு வந்த இத்தாலியப் பாதிரியார் ராபர்ட் தெ நொபிலி தாம் பறங்கி இல்லை என்று வெளிப்படையாக அறிவிக்க வேண்டியிருந்தது. மாட்டிறைச்சி, மது, குளிக்காத உடம்பு என்று அந்தச் சொல்லுக்குள் அத்தனையும் ஏறிப் போயிருந்தன. மதம் மாறுவதையே பறங்கிக் குலத்தில் சேர்வதாகப் பேசினார்கள்.

பாரதியார் 'பரங்கி'யை ஆங்கிலேயரைக் குறிக்கப் பயன்படுத்தும்போது, முன்னால் 'வெள்ளை' என்ற சொல்லைச் சேர்க்கிறார். வெறும் பரங்கி என்றால் வெள்ளையன்தான் என்ற உறுதி அதற்குள் போய்விட்டது என்பது எங்கள் எண்ணம். இலங்கையில் இதன் மறுபக்கம் நடந்தது. அங்கே போர்ச்சுகீசிய, டச்சு வழிவந்தோருக்கு 'பறங்கியர்' என்பதே குடிக்கணக்கில் வரும் முறையான இனப்பெயர். நாம் ஏச்சாக்கிய சொல் அங்கே மரியாதையாகத் தாளில் ஏறியிருக்கிறது. இங்கே அவர்களுக்குப் பேச்சில் 'சட்டைக்காரர்' வந்து உட்கார்ந்தது.

நாள் 4: வடசேரி, மார்த்தாண்டம் சந்தைகள்

இன்றைக்குத்தான் நடை அதிகம், பலனும் அதிகம். காலை ஆறு மணிக்கு வடசேரி கனகமூலம் சந்தை. அங்கே முடித்து மேற்கே மார்த்தாண்டம். இரண்டுக்கும் நடுவே ஒரே பொருளின் பெயர் மாறுவதைப் பார்க்கலாம். கையில் ஒரு தாள் வைத்துக்கொண்டு, பொருளைச் சுட்டிக் காட்டி 'இதுக்கு என்ன பேரு?' என்று மட்டும் கேளுங்கள். 'இது பறங்கிக்காயா?' என்று நீங்களே பெயரைச் சொல்லிக் கேட்டால், வாங்க வந்தவரின் மனம் கோணாமல் இருக்க 'ஆமா' என்றுவிடுவார்கள். பெயர் சேகரிக்கப் போகிறவர்கள் கெடுத்துக்கொள்வது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

முதலில் பூசணி வகை. அமெரிக்காவிலிருந்து போர்ச்சுகீசியர் கொண்டுவந்த மஞ்சள் சதைக் காய்க்குத் தமிழ்நாட்டின் பல பகுதிகளில் பறங்கிக்காய். காரணம் எளிது. அங்கே ஏற்கெனவே 'பூசணி' என்று ஒரு சாம்பல் காய் இருந்தது. புதிதாக வந்ததைப் பிரித்துச் சொல்ல அடைமொழி தேவைப்பட்டது. குமரியில் அந்தச் சாம்பல் காய்க்குப் பெயர் தடியங்காய். பூசணி என்ற இடம் காலியாக இருந்ததால் மஞ்சள் காய் அதில் நேராக உட்கார்ந்துகொண்டது, மேற்கே போனால் 'மத்தன்'. ஓணத்துக்கும் கல்யாணத்துக்கும் வைக்கும் எரிசேரியில் மத்தன்தான். பறங்கிகள் வந்து இறங்கிய கரையிலேயே பறங்கிக்காய் என்ற பெயர் இல்லாமற்போனதற்கு வரலாற்றில் விடை தேட வேண்டாம், காய்கறிக் கூடையிலேயே இருக்கிறது.

வெளியூர்க்காரர் இங்கே தடுமாறுவது இப்படித்தான்: மோர்க்குழம்புக்குச் சாம்பல் பூசணி வாங்க வந்து, 'ஒரு கிலோ பூசணிக்கா' என்று கேட்டு, மஞ்சளை வாங்கிப் போவார்கள். தடியங்காய் என்று கேட்க வேண்டும்.

அடுத்து மிளகு. இந்த ஆறு நாளில் கண்டதில் மிகப் பெரிய சான்று இதுதான். மிளகாயும் அமெரிக்கச் செடி, போர்ச்சுகீசியர் கொண்டுவந்தது. வெறும் நூறு, இருநூறு ஆண்டுக்குள் நம் குழம்பைப் பிடித்துக்கொண்டது. தமிழ் அதற்கு 'மிளகு + காய்' என்று பெயர் வைத்துச் சிக்கலைத் தீர்த்தது. மலையாளத்தில் 'பறங்கிமுளகு' என்ற பெயர் உண்டாயிற்று. பிறகு பறங்கி உதிர்ந்து, வெறும் 'முளகு' என்றாலே மிளகாய் என்றாகிவிட்டது. அப்புறம், ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக இந்த மலைச்சரிவில் விளைகிற கறுப்பு மிளகு என்ன ஆவது? குமரியில் கடைக்காரரிடம் கேளுங்கள். 'நல்லமிளகா வேணும்?' என்று திருப்பிக் கேட்பார். யவனர் பொன் கொடுத்து வாங்கிப் போன சரக்கு, சொந்த மண்ணில் தன்னை அறிமுகப்படுத்திக்கொள்ள 'நல்ல' என்று ஒரு அடைமொழி போட்டுக்கொண்டு நிற்கிறது. வந்தவன் பெயரை எடுத்துக்கொண்டான், இருந்தவன் அடைமொழியைச் சுமக்கிறான்.

இதை ஒரு உரைகல்லாகக் கையில் வைத்துக்கொண்டு சந்தையைச் சுற்றலாம். எதற்கு முன்னால் அடைமொழி இருக்கிறது என்று பாருங்கள். பண்ணைக் கோழி வெறும் 'கோழி' ஆகிவிட்டது, வீட்டில் மேய்ந்த கோழி 'நாட்டுக்கோழி'. தக்காளி அந்நியச் செடி. இன்று அதிலேயே 'நாட்டுத் தக்காளி' என்று ஒன்று இருக்கிறது, அதாவது இரண்டாவது அந்நியன் வந்ததும் முதல் அந்நியன் நாட்டுக்காரனாகிவிட்டான். நேற்றுப் பார்த்த மேசை, சாவி, ஜன்னலுக்குப் 'பறங்கி' ஒட்டாததும் இதனால்தான்: அந்தப் பெயரை முன்பே சுமந்த வேறு பொருள் இங்கே இல்லை, சொல்லே புதிதாக வந்து இறங்கியது.

முந்திரிக்கு வருவோம். பிரேசில் மரம். மலையாளத்தில் 'பறங்கிமாவு', கொட்டை 'பறங்கியண்டி'. குமரித் தமிழில் கொல்லாமரம், கொல்லாம்பழம், கொட்டைக்கு அண்டி. மேற்கில் முந்திரி உடைக்கும் ஆலைக்கு 'அண்டியாபீசு' என்றே பெயர். 'கொல்லா'வைக் கொல்லம் துறையோடு சேர்த்துப் பொருள் சொல்வார்கள். ஒரே மரத்துக்கு ஒரு ஊர் கொண்டுவந்த ஆளின் பெயரையும் இன்னொரு ஊர் வந்து இறங்கிய துறையின் பெயரையும் வைத்திருக்கிறது. நிலக்கடலைக்கு இங்கே 'கப்பலண்டி'. அதில் ஆளும் இல்லை துறையும் இல்லை, ஏறி வந்த வண்டி மட்டும்.

தாய்லாந்தில் மேலைநாட்டானுக்கு 'ஃபராங்' என்று பெயர், நம் பறங்கியின் சகோதரன். கொய்யாப் பழத்துக்கும் அங்கே அதே 'ஃபராங்'தான். நமக்குப் பூசணி, அவர்களுக்குக் கொய்யா.

கடைசியாக ஒரு நாட்டு மருந்துக் கடை. 'பறங்கிப்பட்டை' கேளுங்கள். பெயரில் பட்டை என்று இருந்தாலும் மரப்பட்டை இல்லை. முடிச்சு முடிச்சாக, கனமாக, வெட்டிய முகம் வெளிர்ச் சிவப்பாக உள்ள கிழங்கு. விளைவது சீனத்தில், கொண்டுவந்தது பறங்கிக் கப்பல். எதற்காகக் கொண்டுவந்தார்கள் என்றால், பறங்கிப்புண்ணுக்காக. அவர்கள் வருகையோடு பரவிய மேகநோய்க்கு (சிபிலிஸ்) அந்தப் பெயர். 16-ஆம் நூற்றாண்டில் பாவமிஸ்ரர் வடமொழியில் எழுதிய வைத்திய நூலிலும் இந்நோய்க்கு 'பிரங்க ரோகம்' என்றே பெயர், மருந்து இதே கிழங்கு. இலங்கையில் 'பறங்கி' என்பது வேறொரு தொற்றுப்புண்ணின் பெயர். நோய்க்கும் மருந்துக்கும் ஒரே பெயர் ஒட்டியது இந்தச் சொல்லால். வாங்கும்போது துண்டாக நறுக்கியதை வாங்காமல் முழுக் கிழங்காக வாங்கிப் பாருங்கள். நறுக்கியதில் இங்கே காட்டில் கிடைக்கும் வேறு கொடிக்கிழங்கைக் கலந்தால் கண்டுபிடிப்பது கடினம். சூரணம் சாப்பிடுவதானால் சித்த மருத்துவரைக் கேட்காமல் வேண்டாம்.

நாள் 5: மயிலாடி, சுவாமித்தோப்பு, ஆரல்வாய்மொழி

மூன்று ஊரும் நாகர்கோவிலுக்குக் கிழக்கேயும் தெற்கேயும் இருப்பதால், வண்டி ஒன்று பிடித்தால் ஒரே நாளில் முடியும்.

மயிலாடிக்கு 1806-இல் வந்தவர் ரிங்கல்தௌபே, ஜெர்மானியர், லண்டன் மிஷனைச் சேர்ந்தவர். மயிலாடி வேதமாணிக்கம் அழைத்து வந்தார். 1809-இல் இங்கே ஆலயம் எழுந்தது. 1818-இல் நாகர்கோவில் வந்த சார்லஸ் மீட் ஊருக்கு 'மீட் ஐயர்' ஆனார். குமரியில் சீர்திருத்தச் சபைப் போதகரை இன்றும் 'ஐயர்' என்றுதான் கூப்பிடுவார்கள். முந்நூறு ஆண்டு முன்னால் 'பறங்கி' என்று விலக்கிய அதே வெள்ளைப் பாதிரிக்கு, இங்குள்ள உயர்ந்த மரியாதைச் சொல்லை எடுத்துப் போர்த்திவிட்டார்கள். பள்ளிக்கூடமும் எழுத்தும் கொடுத்த கைக்குக் கொடுத்த பெயர் அது. அதிகாரத்தில் இருந்த வெள்ளையன் 'துரை', மலையாளப் பக்கம் 'சாயிப்பு'. 'சாகிப்' என்ற அரபுச் சொல்தான் சாயிப்பு.

இவர்கள் ஊர் 'சீமை'. சீமை என்றால் எல்லை. பிறகு எல்லைக்கு உட்பட்ட நாடு. சிவகங்கைச் சீமை என்பது போல. வெள்ளைக்காரன் காலத்தில் அது கடலுக்கு அப்பால் உள்ள அவன் நாடு ஆகிவிட்டது. உள்ளே இருப்பதைக் குறித்த சொல் வெளியே இருப்பதைக் குறிக்கத் திரும்பிவிட்டது. சீமையெண்ணெய் போய் மண்ணெண்ணெய் வந்தது. சீமைக்கருவேலம் மட்டும் போகவில்லை. பக்கத்தில் நம் கருவேலம் நிற்கிறது, அதனால் அடைமொழியும் நிற்கிறது.

சுவாமித்தோப்பில் தலைப்பாகை கட்டிக்கொண்டுதான் ஆண்கள் பதி என்ற வழிபாட்டிடத்துக்குள் போக வேண்டும், மேல்சட்டை கழற்ற வேண்டும். அய்யா வைகுண்டர் (1809–1851) வழி வந்தவர்களின் தலைமைப்பதி. 1841-இல் எழுதப்பட்ட அவர்களுடைய புனித நூலான அகிலத்திரட்டு அம்மானை, ஆங்கிலேயரை 'வெண்ணீசன்' என்கிறது. இதில் நிறம் வெறும் அடைமொழி. தலைச்சொல் 'நீசன்', அந்தத் தலைச்சொல்லைத் திருவிதாங்கூர் மன்னனுக்கும் அது தயங்காமல் போடுகிறது. பனைக்கும் தலைக்கும் வரி வாங்கியவன் உள்ளூரானா, கடல் கடந்தவனா என்பது அந்த மக்களுக்கு இரண்டாவது கேள்வி. அந்நியரைக் குறிக்கும் நம் சொற்களில் இவ்வளவு நேர்மையாக அமைந்தது வேறொன்று எங்கள் கண்ணில் பட்டதில்லை.

ஆரல்வாய்மொழிக் கணவாயில் காற்று அடிக்கிற அடியில் நிற்பதே கஷ்டம். காற்றாலைகள் அதற்காகத்தான் இங்கே. 1956 நவம்பர் 1-இல் இந்த மாவட்டம் தமிழ்நாட்டோடு சேரும் வரை, நாடு முடியும் இடம் இந்தக் கணவாய். இதைத் தாண்டி வந்தவன் 'பாண்டிக்காரன்'. அவன் பேசுவதும் தமிழ், இவன் பேசுவதும் தமிழ். ஆனாலும் அவன் வெளியாள். இன்று மலையாளப் பேச்சில் தமிழனை இழித்துச் சொல்ல 'பாண்டி' என்கிறார்கள். அதில் குமரிக்காரனும் சேர்ந்துவிட்டான். எல்லைக்கல் நகர்ந்தபோது சொல்லும் கூடவே நகர்ந்தது.

நாள் 6: கன்னியாகுமரி

சூரிய உதயத்துக்கு வரும் கூட்டம் கலைந்து, கடைகள் முழுதாகத் திறக்கும் ஒன்பது மணிக்குக் கடற்கரைக் கடைத்தெருவில் நில்லுங்கள். சங்கு, பாசிமாலை, வண்ண மணல் பொட்டலம், தொப்பி. விற்கிறவர்கள் காதில் விழுகிற மொழியை வைத்து ஆளைப் பிரிப்பது அரை நொடி வேலை.

வெள்ளைத்தோல்காரர் 'ஃபாரினர்'. 'பறங்கி' ஒரு வாயிலும் இல்லை. 'வெள்ளைக்காரன்' இருக்கிறது, ஆனால் அவர் காதுபட இல்லை. கொஞ்ச காலம் முன்பு 'ஃபாரின்' என்றால் இந்த மாவட்டத்தில் ஆளைவிடச் சாமானைத்தான் குறித்தது: வளைகுடாவிலிருந்து வீட்டுக்கு வந்த சோப்பு, சென்ட், கைலி, டார்ச். 'ஃபாரின்காரன்' என்றால் துபாயில் வேலை பார்க்கும் பக்கத்து வீட்டுப் பிள்ளை. நம்மவனே அந்நியப் பெயர் சுமந்த காலம் அது. வடநாட்டுப் பயணிகளுக்கு 'இந்திக்காரங்க'. கட்டட வேலைக்கும் ஓட்டல் வேலைக்கும் வருகிற வடக்கத்திப் பையன்களுக்கு, அவன் ஒடிசாவோ அசாமோ ஜார்க்கண்டோ, எல்லாருக்கும் சேர்த்து 'வங்காளி'. 11-ஆம் நூற்றாண்டில் அரபியர் மேற்கு ஐரோப்பியர் எல்லாரையும் ஒரே 'இஃப்ரஞ்ச்'சில் போட்டது போலவேதான். முதலில் பழகிய கூட்டத்தின் பெயர், பின்னால் வருகிற எல்லார் தலையிலும் ஏறும்.

கேரளத்து வண்டிகளுக்கு மலையாளத்தில் விலை, ஆந்திரப் பக்தர்களுக்குத் தெலுங்கில் எண்ணிக்கை. 'ரெண்டு', 'பத்து', 'ஐம்பது' மூன்றையும் ஐந்து மொழியில் சொல்லத் தெரியாதவர் இங்கே கடை போட முடியாது.

ஒரு பாசிமாலைக் கடையில் விலை கேட்கும்போது வேறு பேச்சுப் பேசாமல் நாகர்கோவில் தமிழில் கேட்டுப் பாருங்கள். கடைக்காரர் கையில் இருந்த மாலையைக் கீழே வைத்துவிட்டு ஏறிட்டுப் பார்ப்பார்.

"லோக்கலா, அண்ணாச்சி?"

ஆமாம் என்றதும் விலை பாதியாகும்.